கோடையில் இன்சுலினை எதில் வைப்பது: ஃப்ரிட்ஜா, மண்பானையா, ஐஸ் குடுவையா, ஜெல் பையா?

இன்சுலின் போட்டுக்கொள்பவர் வீட்டில் பெரும்பாலும் இரண்டு வகை பாட்டில்கள் இருக்கும். ஒன்று இன்னும் திறக்காத இருப்பு. இன்னொன்று தினமும் கையில் எடுப்பது. இந்த இரண்டுக்கும் வேண்டிய குளிர் வேறுவேறு என்பது தெரியாமல்தான் பலர் தேவையில்லாத கருவிக்குச் செலவு செய்கிறார்கள், அல்லது நல்ல மருந்தைக் கெடுத்துவிடுகிறார்கள்.

திறக்காத பாட்டிலோ இன்சுலின் பேனாவோ 2 முதல் 8 டிகிரிக்குள் இருந்தால், அட்டையில் அச்சிட்ட காலாவதித் தேதி வரை நிற்கும். திறந்ததும் கணக்கு மாறிவிடுகிறது. அதற்கு 30 டிகிரிக்குக் கீழே இருந்தால் போதும். சில மருந்துகளின் தாளில் 25 டிகிரி என்று இருக்கும். நாள் கணக்கும் மருந்துக்கு மருந்து வேறுபடும். இன்சுலின் வகைகளில் கிளார்ஜின் 100, லிஸ்ப்ரோ, அஸ்பார்ட் ஆகியவை 28 நாள். டெட்டமிர் 42 நாள். டெக்ளூடெக் 56 நாள். பழைய மனித இன்சுலின்களில் நிறுவனத்தைப் பொறுத்து 28 முதல் 42 நாள் வரை. பெட்டிக்குள் மடித்து வைத்திருக்கும் தாளைத் தூக்கிப் போடாமல், முதல் நாளே இந்த இரண்டு எண்களையும் பார்த்து, திறந்த தேதியோடு பாட்டில் மேலேயே எழுதிவிடுங்கள்.

ஆகவே கருவியைத் தேர்ந்தெடுக்கும் முன் கேட்க வேண்டிய கேள்வி: இருப்பைக் காக்கவா, கையிலிருப்பதைக் காக்கவா? முதலாவதற்கு உண்மையான குளிர் வேண்டும். இரண்டாவதற்கு வெயிலின் உச்சத்தைத் தட்டிவிட்டால் போதும்.

வெப்பம் என்ன செய்கிறது, உறைதல் என்ன செய்கிறது

இன்சுலின் 51 அமினோ அமிலங்கள் கொண்ட சிறிய புரதம். பாட்டிலுக்குள் வழக்கமான இன்சுலின்கள் பலவற்றில் ஆறு மூலக்கூறுகள் துத்தநாக அயனிகளைச் சுற்றி ஒரு கட்டாகச் சேர்ந்திருக்கும். மூடியைத் திறந்ததும் மருத்துவமனை வாசனை அடிக்கிறதே, அது மெட்டாகிரசால் அல்லது ஃபீனால். கிருமி வளராமல் தடுப்பதோடு, அந்த ஆறு மூலக்கூறுக் கட்டு அவிழாமல் பிடித்து வைப்பதும் அதன் வேலை. சூடு ஏற ஏறக் கட்டு அவிழ்ந்து தனி மூலக்கூறுகள் பிரிகின்றன. அவை மடிப்பு குலைந்து ஒன்றோடொன்று ஒட்டி இழைகளாகின்றன. இழையான இன்சுலின் சர்க்கரையைக் குறைக்காது. குலுக்கினால் இது இன்னும் வேகமாக நடக்கும், ஏனென்றால் காற்றும் திரவமும் சந்திக்கும் இடத்தில்தான் புரதம் எளிதில் குலைகிறது. அதனால்தான் பாதி காலியான பாட்டிலைப் பைக் டிக்கியில் போட்டுக்கொண்டு போவது மிக மோசமான வழி. வெயில், இன்ஜின் சூடு, குலுக்கல் மூன்றும் அங்கே ஒன்றுசேர்கின்றன.

ஆனாலும் 32, 33 டிகிரி அறையில் ஒரு வாரம் இருந்ததால் இன்சுலின் செத்துப்போகாது. கென்யாவின் தடாப் அகதி முகாமில் வீடுகளுக்குள் வெப்பம் 25 முதல் 37 டிகிரி வரை ஏறி இறங்குகிறது. ஜெனீவா பல்கலைக்கழகமும் எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பும் சேர்ந்து அந்த ஏற்ற இறக்கத்தை அப்படியே ஆய்வகத்தில் உருவாக்கி, 2021இல் முடிவை வெளியிட்டன: நான்கு வாரம் கழித்தும், குளிரில் வைத்ததோடு ஒப்பிட்டால் வீரியக் குறைவு 1 சதவீதத்தைத் தாண்டவில்லை. மருத்துவ ஆய்வுகளைத் தொகுத்து மதிப்பிடும் காக்ரேன் அமைப்பின் 2023 திறனாய்வும், சில வகை மனித இன்சுலின்களைத் திறக்காமல் 25 டிகிரி வரை ஆறு மாதமும், 37 டிகிரி வரை இரண்டு மாதமும் வைக்க முடியும் என்கிறது. ஃப்ரிட்ஜ் இல்லாத குடும்பத்துக்கு இது பெரிய ஆறுதல். ஃப்ரிட்ஜ் இருப்பவர்கள் தாளில் உள்ளதையே பின்பற்றுங்கள். அந்த ஆய்வுகளின் மேல் எல்லை 37 டிகிரி என்பதையும் மறக்க வேண்டாம். வெயிலில் நிறுத்திய கார் அதைச் சில நிமிடங்களில் தாண்டிவிடும்.

உறைதலுக்கு இந்தச் சலுகை எதுவும் கிடையாது. பூஜ்ஜியத்துக்குச் சற்றுக் கீழே போய் ஒரு முறை பனிக்கட்டியானால் அந்தப் பாட்டில் முடிந்தது. உருகிய பிறகு தெளிவாகத் தெரிந்தாலும் குப்பைக்குத்தான் போக வேண்டும். வெயிலுக்குப் பயந்து ஃப்ரீசரை ஒட்டி வைத்துக் கெடுப்பது, வெயிலில் கெடுவதைவிடத் திடமான இழப்பு. கீழே வரும் ஒவ்வொரு வழியையும் இந்த இரண்டு பக்கத்திலிருந்தும் பார்த்திருக்கிறோம்.

ஃப்ரிட்ஜ்

இருப்பை வைக்க இதற்கு மாற்று இல்லை. ஆனால் ஃப்ரிட்ஜுக்குள் எந்த இடம் என்பது முக்கியம். ஒற்றைக் கதவு ஃப்ரிட்ஜில் ஃப்ரீசருக்கு நேர் கீழே இருக்கும் சில்லர் டிரே பூஜ்ஜியத்தை எட்டும். அங்கே வைக்கக் கூடாது. பின்சுவரில் ஒட்டினாலும் இதே ஆபத்து. இரட்டைக் கதவு ஃப்ரிட்ஜில் குளிர்காற்று வரும் துளைக்கு முன்னால் வைக்கக் கூடாது. நடுத்தட்டின் முன்பக்கம், மூடியுள்ள பிளாஸ்டிக் டப்பாவுக்குள், சுவரிலிருந்து நான்கு விரல் தள்ளி வைப்பது நல்லது. கதவுத் தட்டில் உறையாது. ஆனால் நாளுக்கு முப்பது முறை திறக்கும் வீட்டில் சூடு ஏறி இறங்கும். பயன்பாட்டில் உள்ள பாட்டிலுக்குக் கதவு பரவாயில்லை, இருப்புக்கு வேண்டாம்.

உங்கள் ஃப்ரிட்ஜ் உண்மையில் எத்தனை டிகிரியில் ஓடுகிறது என்பதைக் குமிழ் எண் சொல்லாது. உச்சமும் தாழ்வும் பதிவு செய்யும் சிறிய டிஜிட்டல் வெப்பமானி ஒன்றை வாங்குங்கள். அதன் கம்பி முனையைத் தண்ணீர் நிரப்பிய சின்னப் பாட்டிலுக்குள் விட்டு, இன்சுலின் டப்பாவின் பக்கத்தில் ஒரு நாள் முழுக்க வையுங்கள். முனையைக் காற்றில் தொங்கவிட்டால் கதவு திறக்கும்போதெல்லாம் எண் துள்ளும். தண்ணீருக்குள் இருந்தால் மருந்து உணரும் வெப்பமே தெரியும். தாழ்வு 2க்குக் கீழே போனால் குமிழைக் குறையுங்கள். மார்கழியில் மறுபடி ஒருமுறை பாருங்கள், ஏனென்றால் மே மாதம் வைத்த அதே எண் டிசம்பரில் உறைய வைக்கலாம்.

பராமரிப்புக்காகக் காலை 9 மணிக்குக் கரண்ட் போய் மதியம் 2 மணிக்கோ மாலை 5 மணிக்கோ வருவது நமக்குப் பழகியதுதான். கதவைத் திறக்காமல் இருந்தால் ஃப்ரிட்ஜ் சுமார் நான்கு மணி நேரம் குளிரைத் தாங்கும். அதற்கு மேல் போனாலும், ஒரு பகல் 15, 20 டிகிரிக்கு ஏறியதால் திறக்காத இன்சுலின் வீணாகாது. முன்னறிவிப்பு வந்த நாளில் இரண்டு பெரிய பாட்டில் தண்ணீரை முதல் நாளே உள்ளே வைத்துவிட்டால் அந்தக் குளிர் கூடுதல் நேரம் நிற்கும். கரண்ட் போன பதற்றத்தில் இன்சுலினை ஃப்ரீசருக்கு மாற்றுவதை மட்டும் செய்யாதீர்கள்.

பேனாவை ஊசியோடு ஃப்ரிட்ஜில் வைத்தால் மருந்து சுருங்கி ஊசி வழியாகக் காற்றை இழுக்கும். அடுத்த வேளை அளவு குறையும். ஊசியைக் கழற்றிய பிறகே வையுங்கள்.

மண்பானை

ஃப்ரிட்ஜ் இல்லாத வீட்டுக்கு, கையிலிருக்கும் பாட்டிலுக்கு, இதுதான் எங்கள் முதல் பரிந்துரை. விலை குறைவு என்பதைவிட, எவ்வளவு கவனக்குறைவாகப் பயன்படுத்தினாலும் பானை மருந்தை உறைய வைக்காது என்பதே இதன் பெரிய பலம்.

சுடுமண்ணின் துளைகள் வழியே தண்ணீர் வெளிப்பக்கம் கசிந்து ஆவியாகிறது. ஒரு லிட்டர் தண்ணீர் ஆவியாகும்போது எடுத்துச் செல்லும் வெப்பம், ஏழு கிலோ ஐஸ் உருகும்போது எடுப்பதற்குச் சமம். இவ்வளவு வலுவான குளிரூட்டி ஊரெல்லாம் சும்மா கிடைக்கிறது. ஆனால் அது எங்கே வேலை செய்யும் என்பதைக் காற்றின் ஈரம்தான் தீர்மானிக்கிறது. ஆவியாதலால் எட்டக்கூடிய கடைசி எல்லைக்கு ஈரக்குமிழ் வெப்பநிலை என்று பெயர். வேலூர், கரூர், திருச்சி போன்ற இடங்களில் அக்னி நட்சத்திரப் பிற்பகலில் 40 டிகிரி வெயிலும் 30 சதவீத ஈரப்பதமும் இருந்தால் அந்த எல்லை 26 டிகிரி. நல்ல பானை அதைவிட இரண்டு மூன்று டிகிரி மேலே, 28, 29இல் நிற்கும். வெளியே 40 இருக்கும்போது இது அருமையான காப்பு. நாகப்பட்டினத்திலோ தூத்துக்குடியிலோ கடற்காற்று வீசும் நேரத்தில் 33 டிகிரியும் 75 சதவீத ஈரப்பதமும் இருந்தால் எல்லையே 29 டிகிரி. பானைக்குள் 30, 31 இருக்கும். அறையோடு ஒப்பிட்டால் இரண்டு டிகிரிதான் லாபம். யாழ்ப்பாணம், மட்டக்களப்பு போன்ற கரையோர ஊர்களிலும் ஈரக்காற்று நாட்களில் இதே நிலைதான். கடற்கரை ஊர்களில் பானையை ஒதுக்க வேண்டாம். அது பிற்பகல் உச்சத்தைத் தணிக்கும். அதற்கு மேல் எதிர்பார்த்து ஒரு மாத இருப்பையும் அதில் அடுக்காதீர்கள்.

பானையில் இரண்டு முறை உண்டு. பெரிய பானைக்குள் சின்னப் பானை வைத்து, நடுவில் இரண்டு விரல் அகலத்துக்கு ஈரமணல் நிரப்புவது ஒன்று. நைஜீரிய ஆசிரியர் மொகமது பா அப்பா 1990களில் காய்கறிகளைக் காக்க இதைக் கிராமம் கிராமமாகப் பரப்பினார். உட்பானை பெரும்பாலும் ஈரமில்லாமல் இருப்பது இதன் நன்மை. மணல் காய்ந்ததை யாரும் கவனிக்காமல் விடுவது இதன் நோய். காலையும் மாலையும் மணலில் தண்ணீர் ஊற்றியே ஆக வேண்டும்.

மற்றது, மூன்று நான்கு லிட்டர் பானையில் முக்கால் அளவு தண்ணீர் ஊற்றி, இறுக்க மூடும் எவர்சில்வர் டப்பாவுக்குள் இன்சுலினை வைத்து மிதக்கவிடுவது. வீட்டுக்கு நாங்கள் இதையே விரும்புகிறோம். இரண்டு மூன்று லிட்டர் தண்ணீர் சூடேறவும் நேரமாகும், ஆறவும் நேரமாகும். ஆகவே ஒருநாள் மறந்தாலும் உச்சி வெயில் உள்ளே தெரியாது. பிளாஸ்டிக்கைவிட எவர்சில்வர் குளிரைச் சீக்கிரம் கடத்தும். டப்பா கவிழாமலிருக்க அடியில் இரண்டு கூழாங்கல் போடுங்கள். பாட்டிலை ஜிப் பைக்குள் போட்ட பிறகு டப்பாவில் வையுங்கள், இல்லாவிட்டால் வியர்க்கும் ஈரத்தில் லேபிள் உரிந்து, எது காலை மருந்து எது இரவு மருந்து என்று தெரியாமல் போகும். குடிதண்ணீர்ப் பானையை இதற்குப் பயன்படுத்தாதீர்கள். பிள்ளைகள் நாள் முழுக்கத் திறப்பார்கள், மருந்தும் தவறிப்போகும்.

புதுப்பானையை ஒரு நாள் முழுக்கத் தண்ணீரில் ஊறவிட வேண்டும். பெயின்ட் அடித்ததும் பளபளப்புப் பூசியதும் கசியாது, குளிராது. வெறும் தரையில் வைக்காமல் கம்பி வளையத்தின் மேல், நிழலில், காற்று குறுக்கே ஓடும் ஜன்னல் பக்கம் வையுங்கள். சமையலறை அலமாரிக்குள் மூடி வைத்த பானை, சுற்றியிருக்கும் காற்று ஈரமானதும் வேலையை நிறுத்திவிடும். உப்புத் தண்ணீர் ஊரில் சில மாதங்களில் துளைகள் அடைத்து வெளிப்பக்கம் வெள்ளை படியும். சோப்புப் போடாமல் தேங்காய் நாரால் தேய்த்து வெயிலில் காயவையுங்கள். தேய்த்தும் வெளிப்பக்கம் ஈரம் கசியவில்லை என்றால் பானையை மாற்றும் நேரம் வந்துவிட்டது.

ஐஸும் குடுவையும்

பயணத்துக்கு எல்லோரும் முதலில் நினைப்பது ஐஸ். அதிக இன்சுலின் கெடுவதும் இங்கேதான். உருகிக்கொண்டிருக்கும் ஐஸ் சரியாக 0 டிகிரி. அது இன்சுலினை உறைய வைப்பது கடினம். ஃப்ரீசரிலிருந்து அப்போதுதான் எடுத்த ஐஸ் பேக் மைனஸ் 15, 18 டிகிரியில் இருக்கும். அதோடு ஒட்டிய பேனா அரை மணியில் உறையலாம்.

தடுப்பூசி கொண்டுபோகும் கிராம சுகாதாரச் செவிலியர்கள் இதற்கு ஒரு எளிய முறை வைத்திருக்கிறார்கள். ஐஸ் பேக்கை வெளியே எடுத்து வைத்து, மேலே பூத்த பனி கரைந்து வியர்க்கும் வரை காத்திருப்பார்கள். காதருகே குலுக்கி, உள்ளே தண்ணீர் சத்தம் கேட்டால்தான் பெட்டிக்குள் போகும். கோடை அறையில் இதற்கு அரை மணி முதல் ஒரு மணி வரை ஆகும். இது தண்ணீர் நிரப்பிய பேக்குக்கான சோதனை. கடையில் விற்கும் ஜெல் பேக் குலுக்கினால் சத்தம் போடாது. விரலால் அழுத்தினால் மெத்தென்று கொடுக்கும் வரை பொறுங்கள். அதற்குப் பிறகும் மருந்தை மெல்லிய துண்டில் சுற்றியே வைக்க வேண்டும்.

உள்ளளவு 20க்கு 20க்கு 15 செ.மீ., சுவர் தடிமன் 2.5 செ.மீ. கொண்ட தெர்மாகோல் பெட்டியில் ஒரு கிலோ ஐஸ், வெளியே 35 டிகிரி இருந்தால், கணக்குப்படி ஒன்பது பத்து மணி நேரத்தில் உருகித் தீரும். அதுவும் பெட்டியைத் திறக்காமல் இருந்தால். இருப்பை மொத்தமாக ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்குக் கொண்டுபோக இது சரியான வழி.

ஒரு பகல் வேலைக்குப் போய்வர இவ்வளவும் வேண்டாம். சாப்பாட்டுக்கு விற்கும் அகலவாய் எவர்சில்வர் வெற்றிடக் குடுவை ஒன்று எடுங்கள். ஃப்ரிட்ஜ் தண்ணீரை ஊற்றிப் பத்து நிமிடம் வைத்துக் கொட்டித் துடையுங்கள். சின்ன பாட்டிலில் ஃப்ரிட்ஜ் தண்ணீர் நிரப்பி உள்ளே இறக்கி, பக்கத்தில் துணி சுற்றிய பேனாவை வையுங்கள். ஐஸ் இல்லாததால் உறைவதற்கு வழியே இல்லை. நல்ல குடுவையில் அரை லிட்டர் குளிர்ந்த தண்ணீர் மாலை வரை 25 டிகிரியைத் தாண்டாமல் காக்கும். உங்கள் குடுவை தாங்குமா என்பதை மருந்தில்லாமல், வெப்பமானியை மட்டும் போட்டு ஒரு நாள் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஜெல் பை, உருகும் உப்பு, மின் பெட்டி

தண்ணீரில் ஊறவைக்கும் ஜெல் பை, ஃப்ரியோ என்ற பெயரில் பிரபலமானது, பானையின் தத்துவத்தையே பைக்குள் கொண்டுவருகிறது. உள்ளே இருக்கும் பாலிமர் துகள்கள் பத்து நிமிடத்தில் தண்ணீரை உறிஞ்சி ஜெல்லாக உப்பும். அந்த ஈரம் மெல்ல ஆவியாகும். 38 டிகிரி வெயிலிலும் 45 மணி நேரம் 26 டிகிரிக்குள் வைக்கும் என்கிறது தயாரிப்பு நிறுவனம். காய்ந்த காற்றில் அதை நம்பலாம். கடற்கரை ஈரத்தில் பானைக்குச் சொன்ன எல்லையே இதற்கும். துகள்கள் அளவுக்கு மீறி ஊறினால் பேனா உள்ளே நுழையாது. பிளாஸ்டிக் கவருக்குள்ளோ மூடிய தோல்பைக்குள்ளோ வைத்தால் காற்றுப்படாமல் குளிராது; பலர் வாங்கிவிட்டுக் குறை சொல்வது இதனால்தான். உங்கள் தோள்பையின் வெளிப்பக்க வலைப் பாக்கெட்டில் வையுங்கள். இதை ஃப்ரீசரில் வைக்கக் கூடாது. பேருந்து, ரயில் பயணம் அடிக்கடி செய்பவருக்கும், வெளியே நின்று வேலை செய்பவருக்கும் இதுவே சிறந்தது.

குறிப்பிட்ட வெப்பத்தில் உருகும் மெழுகு அல்லது உப்பு நிரப்பிய பேக்குகளும் இப்போது கிடைக்கின்றன. ஆக்டாடெக்கேன் என்ற மெழுகு 28 டிகிரியில் உருகும். உருகி முடியும் வரை பக்கத்திலுள்ள மருந்தை அதற்கு மேல் ஏறவிடாது, உறையவும் விடாது. கேட்க அழகான தீர்வு. மறுநாள் அது வேலை செய்ய வேண்டுமானால் இரவில் மறுபடி கட்டியாக வேண்டும். மே மாதத்தில் சென்னை வீட்டு அறை இரவு முழுக்க 30 டிகிரியில் இருக்கும்போது அது கட்டியாகாது. ஃப்ரிட்ஜில் வைத்துத்தான் எடுக்க வேண்டும். ஃப்ரிட்ஜ் இருப்பவருக்குக் குடுவையும் குளிர்ந்த தண்ணீரும் போதும் என்பதால், குறைந்த இடத்தில் அதிக நேரம் வேண்டும் என்பவர்க்கே இது பொருந்தும்.

மின்சாரச் சிறு குளிர்ப்பெட்டிகளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். மின்சாரம் பாய்ந்தால் ஒரு பக்கம் குளிரும் பெல்டியர் தகட்டில் ஓடும் மலிவான பெட்டிகள் சுற்றுப்புறத்தைவிட 15 முதல் 20 டிகிரி வரைதான் குறைக்கும். 40 டிகிரி வெயிலில் உள்ளே 20 முதல் 25 டிகிரி வரை இருக்கும். விளம்பரத்தில் சொல்லும் 2 முதல் 8 டிகிரி குளிர், ஏசி அறையில் கிடைப்பது. வெப்பக் கட்டுப்பாடு இல்லாத பெட்டி, குளிர்ந்த இரவில் மருந்தை உறைநிலைக்கும் தள்ளலாம். 12 வோல்ட்டில் நான்கைந்து ஆம்பியர் இழுக்கும். நிறுத்திய காரில் ஓடவிட்டால் பேட்டரி இறங்கும். ஏசி காரில் நெடும்பயணம் போகிறவர்க்குத் தவிர மற்றவர்க்கு இதைச் சொல்ல மாட்டோம்.

எதை எடுப்பது

ஃப்ரிட்ஜ் இருந்தால் இருப்பு அதில். கையிலிருப்பது, அறை 30ஐத் தாண்டாத மாதங்களில் மேசை மேலேயே, கோடையில் ஃப்ரிட்ஜ் கதவில் அல்லது பானையில். ஃப்ரிட்ஜ் இல்லாவிட்டால் இருப்பு வைப்பதையே குறையுங்கள். ஒரு பாட்டில் முடியும் வாரத்தில் அடுத்ததை வாங்குங்கள். பக்கத்து வீட்டு ஃப்ரிட்ஜை நம்புவதைவிட மருந்துக் கடையின் ஃப்ரிட்ஜை நம்பலாம்.

இங்கே பாட்டில் அளவையும் யோசிக்க வேண்டும். இந்தியாவில் பரவலாகக் கிடைக்கும் 10 மி.லி. பாட்டிலில் மி.லி.க்கு 40 யூனிட் வீதம் 400 யூனிட் இருக்கும். நாளுக்கு 25 யூனிட் போடுபவருக்கு 16 நாளில் தீர்ந்துவிடும். கெட நேரமே இல்லை. நாளுக்கு 10 யூனிட் என்றால் 40 நாள் ஓடும், 28 நாள் கெடுவைத் தாண்டிவிடும். அவருக்குப் பேனாவில் பொருத்தும் 300 யூனிட் கொண்ட 3 மி.லி. கார்ட்ரிட்ஜ் பொருந்தும்: அதுவும் 30 நாள் என்பதால், கடைசி இரண்டு நாளுக்கானதை விட்டுவிட்டு மாற்றுங்கள். பாட்டிலிலிருந்து கார்ட்ரிட்ஜுக்கு மாறும்போது மி.லி.க்கு 40 யூனிட் மருந்துக்கான சிரிஞ்சை மி.லி.க்கு 100 யூனிட் மருந்துக்குப் பயன்படுத்தாதீர்கள், அளவு இரண்டரை மடங்காகிவிடும்.

விமானத்தில் போகும்போது மருந்து கையோடு வரும் பையில் இருக்கட்டும். சரக்குப் பெட்டியில் போனால் உறையக்கூடும்.

எந்த வழியில் வைத்தாலும் ஊசி ஏற்றும் முன் வெளிச்சத்தில் பாருங்கள். தெளிவான இன்சுலின் தண்ணீர்போல் இருக்க வேண்டும். மங்கல், மஞ்சள், மிதக்கும் நூல் எது இருந்தாலும் வேண்டாம். பால்போன்ற வகையை உள்ளங்கைகளுக்கு நடுவே பத்து முறை உருட்டி, பத்து முறை தலைகீழாகச் சாயுங்கள்; அதன் பிறகும் கட்டி தெரிந்தாலோ, கண்ணாடிச் சுவரில் உறைபனிபோல் ஒட்டியிருந்தாலோ தூக்கிப் போடுங்கள். வெப்பத்தால் வீரியம் குறைந்தது எப்போதும் கண்ணுக்குத் தெரியாது. சாப்பாடும் அளவும் மாறாமல், காய்ச்சலும் இல்லாமல், ஒரே பாட்டிலில் சர்க்கரை தொடர்ந்து ஏறினால் மருந்தளவைக் கூட்டும் முன் புதுப் பாட்டிலைத் திறந்து போட்டுப் பாருங்கள், மருத்துவரிடமும் சொல்லுங்கள். பழைய பாட்டிலுக்காகக் கூட்டிய அளவோடு நல்ல பாட்டிலைத் தொடங்கினால் சர்க்கரை அபாயமாகத் தாழும். முதல் வகை நீரிழிவு உள்ள குழந்தைக்குச் சர்க்கரை ஏறி, வாந்தியோ வேகமான மூச்சோ வந்தால் பாட்டிலை ஆராய்ந்துகொண்டிருக்காமல் உடனே மருத்துவமனைக்குப் புறப்படுங்கள். அந்தப் பாட்டிலையும் கையோடு எடுத்துப் போங்கள்.